சிப்பியும் இடது கன்னமும்

அன்று காலை அவர் குளியலறையிலிருந்து இடது கன்னத்தை முன்னால் நீட்டிக்கொண்டு வந்து நின்றார். கடைச் சாவியைத் தேடிக்கொண்டிருந்த அவள், தேடுவதை நிறுத்தாமலே புறங்கையை அந்தக் கன்னத்தில் வைத்து மேலிருந்து கீழே ஓர் இழுப்பு இழுத்தாள்.

“காதுகிட்ட இன்னும் சொரசொரன்னு இருக்கு.”

அவர் திரும்ப உள்ளே போனார். குழாய் திறந்தது, பிளேடைத் தொட்டி விளிம்பில் தட்டும் சத்தம் கேட்டது. வலது கன்னத்தைப் பற்றி அந்த வீட்டில் யாருக்கும் கவலை கிடையாது. அது மனம் வந்தால் மழிக்கப்படும், இல்லாவிட்டால் முள்ளும் புதருமாகக் கிடக்கும். இடதுதான் உத்தியோகக் கன்னம். மறுபடி வந்து நீட்டினார். அவள் மறுபடி இழுத்துப் பார்த்தாள். இப்போது வழுவழுவென்று இருந்தது.

“படகுக்கு இவ்வளவு சேவை. எனக்காக ஒரு நாளாவது இப்படி மழிச்சிருக்கீங்களா?”

“நீ பழகிட்டம்மா. படகு தினமும் புதுசுல்ல?”

கையில் அகப்பட்ட துண்டை அவர்மேல் எறிந்தாள். அவர் அதைப் பிடித்து, முகத்தைத் துடைத்து, கதவின்மேல் போட்டுவிட்டு, சாப்பாட்டு டப்பாவோடு கிளம்பிப் போனார். சாவி அந்தத் துண்டுக்கு அடியில்தான் இருந்திருக்கிறது.

அவர் தச்சர். முதுகு தகராறு செய்ய ஆரம்பித்ததும் பட்டறையை மூடிவிட்டு, ஏரிக்கரையில் புதிதாகத் திறந்த படகு கழுவுமிடத்தில் வேலைக்குச் சேர்ந்திருந்தார். அப்போதே வேறு பல ஏரிகளில் வரிச்சிப்பி என்றொரு பீடை பரவியிருந்தது. நகத்தளவுச் சிப்பி, ஓட்டின்மேல் கறுப்பும் வெளுப்புமாக வரி. பார்த்தால் சட்டைக்குப் பொத்தானாகத் தைத்துக்கொள்ளலாம் போல அழகாகத்தான் இருக்கும். ஆனால் ஓர் ஏரிக்குள் நுழைந்துவிட்டால் குழாய், மதகு, கல், கயிறு என்று எதையும் விடாது. ஒன்றின்மேல் ஒன்றாக ஏறி உட்கார்ந்துகொள்ளும். அப்புறம் அதை வெளியே அனுப்ப எவராலும் முடியாது. அது காலால் நடந்து வருவதில்லை. படகுகளின் அடியில் ஒட்டிக்கொண்டு, டிக்கெட் எடுக்காமல் ஊர் ஊராகப் போகிறது.

அதனால் வேறு நீரில் மிதந்துவிட்டு வரும் படகை வெந்நீரில் கழுவி, உள்ளே தேங்கிய தண்ணீரை வடித்து, காயவைத்த பிறகுதான் இறக்க வேண்டும் என்று நகரசபை சட்டம் போட்டது. வாசலில் ‘கழுவு, வடி, காயவை’ என்று பலகை வைத்தார்கள். அதைப் பார்த்துவிட்டு அவள், என் சலவைக் கடையில் இத்தனை வருஷமாக வேறென்ன நடக்கிறது, எனக்கு ஒருத்தரும் பலகை வைக்கவில்லையே என்று கேட்டாள்.

எல்லாம் முடிந்தபின் கடைசி வேலை தடவிப் பார்ப்பது. புதிதாக ஒட்டிய குஞ்சுச் சிப்பி கண்ணுக்குத் தெரியாது. உள்ளங்கையால் தடவினால் உப்புத்தாள் போல உறுத்தும். ஆனால் உளியும் இழைப்புளியும் பிடித்துக் காய்த்துப்போன அவர் உள்ளங்கைக்குப் பட்டுத்துணிகூட உப்புத்தாள்தான். எனவே, பட்டறையில் இழைத்த மேசைப் பலகையை எப்படிச் சோதிப்பாரோ அதே போல, படகின் வயிற்றிலும் கன்னத்தை வைத்தார். மண்டியிட்டு, கண்ணை மூடி, அங்குலம் அங்குலமாக நகர்வார். தூரத்திலிருந்து பார்ப்பவர்களுக்கு ஒரு மனுஷர் படகைக் கொஞ்சிக்கொண்டிருப்பது போலத்தான் தெரியும். ஊர் அவருக்கு முத்தக்காரர் என்று பெயர் வைத்தது. அவருடைய தங்கை அவளுடைய கடையில் இஸ்திரி போடுபவள். எங்க அண்ணனுக்குக் கரையெல்லாம் சின்ன வீடு என்று துணி வாங்க வந்தவர்களிடம் சொல்லிச் சிரிப்பாள்.

அண்ணனுக்கும் தங்கைக்கும் இடையே பழைய வழக்கு ஒன்று தீராமல் இருந்தது. சுத்தியல் வழக்கு.

படகு கழுவுமிடம் திறப்பதற்கு முன்பு, படகுகளைக் கட்டிவைக்க ஒரு மிதவை மேடை தேவைப்பட்டது. புதிது வாங்க நகரசபைக்கு மனம் வரவில்லை. எங்கோ ஓர் ஏரியில் கழித்துக் கட்டிய மேடையை வாங்கி, மழையில் நனைய நனைய லாரியில் ஏற்றிவந்து, திறப்பு விழாவுக்கு நேரமாகிவிட்டது என்று அப்படியே தண்ணீரில் தள்ளினார்கள். கீழே வரிசையாகப் பெரிய டிரம்கள், மேலே உளுத்துப்போன பலகைகள். அந்தப் பலகைகளைப் பெயர்த்துவிட்டுப் புதிதாக அடித்தது அவர்தான். குளிக்க வருபவர்களின் வெறுங்காலில் சிராய் ஏறிவிடக் கூடாது என்று ஒவ்வொரு பலகையிலும் கன்னம் வைத்துப் பார்த்தார். அந்த வேலையைப் பார்த்துத்தான் அவரையே காவலுக்கும் வைத்துக்கொண்டார்கள்.

வேலை முடிந்து வீட்டுக்கு வந்து பையைப் பிரித்தால் சுத்தியலைக் காணோம். தங்கைதான் எதையோ மாட்ட எடுத்துப்போய்த் தொலைத்துவிட்டாள் என்று தீர்ப்புச் சொல்லிவிட்டார். அவள் இல்லை என்று தலையில் அடித்துக்கொண்டாள். தீர்ப்பு மாறவில்லை. வேறு சுத்தியல் வாங்கவும் அவர் சம்மதிக்கவில்லை. வாங்கினால் வழக்கு நீர்த்துப்போகும் அல்லவா. குளியலறைக் கண்ணாடிக்கு ஆணி அடிக்க, தங்கையின் பழைய இஸ்திரிப் பெட்டியையே இரவல் வாங்கினார். ஆணி வளைந்தது. கண்ணாடி இடப்பக்கம் சாய்ந்து, அவருடைய உயரத்துக்குத் தொங்கியது. எனக்கு இடது பக்கம் தெரிந்தால் போதும் என்றார். தங்கை வீட்டுக்கு வரும்போதெல்லாம், என் சுத்தியல் இருந்திருந்தால் அது நேராக நின்றிருக்கும் என்று சுவரைப் பார்த்துச் சொல்வார்.

அவள் துண்டை எறிந்த அந்த நாளின் மிச்சத்தை அவளுக்குச் சொன்னவர் பல் டாக்டர். ஊரில் பெரிய படகு அவருடையதுதான். விடுமுறைக்கு வேறோர் ஏரிக்குப் போய்த் திரும்பியவர், ஏரியில் இறக்கும் சரிவில் படகை வண்டியோடு நிறுத்திவிட்டு வரிசைக்காகக் காத்திருந்தார். முத்தக்காரர் வழக்கம்போல வலப்பக்கம் தொடங்கி, பின்புறம் சுற்றி, இடப்பக்கத்துக்கு வந்தார். கன்னத்தை வைத்தார். கண்ணை மூடினார். அப்படியே இருந்தார்.

எவ்வளவு கவனமான மனுஷர் என்று டாக்டர் நினைத்துக்கொண்டாராம். கொஞ்ச நேரம் கழித்து, ஏதோ கண்டுபிடித்துவிட்டார் போலிருக்கிறதே என்று பயமும் வந்ததாம். தொந்தரவு செய்யக் கூடாது என்று கையைக் கட்டிக்கொண்டு நின்றிருக்கிறார். பின்னால் நின்ற ஒருவர், என்ன இன்னிக்கு முத்தம் நீளுது என்று கேட்ட பிறகுதான் அவர் தோளைத் தொட்டுப் பார்த்திருக்கிறார்.

ஆம்புலன்ஸ் வந்தது. சரிவை அடைத்துக்கொண்டு படகு நின்றது. வழிவிட வேறு இடமில்லை. அங்கே இருந்தவர்கள் ஒன்றுசேர்ந்து அதை ஏரிக்குள் தள்ளிவிட்டார்கள். அவர் அந்த ஊரின் காவலுக்கு வந்ததிலிருந்து, முழுதாகச் சோதிக்காமல் ஏரியில் இறங்கிய ஒரே படகு அதுதான். ஆம்புலன்ஸுக்கும் செய்வதற்கு ஒன்றும் இருக்கவில்லை. எல்லாம் முன்பே முடிந்துபோயிருந்தது.

அடுத்த வருஷம் ஏரி தெளிந்தது.

முதலில் ஊருக்குத் தலைகால் புரியவில்லை. என்றைக்கும் பச்சையாகக் கலங்கிக் கிடந்த தண்ணீர், குடிக்கிற டம்ளரில் ஊற்றிவைத்தது போல ஆகிவிட்டது. ஆழத்தில் கிடந்ததெல்லாம் தெரிந்தது: பிளாஸ்டிக் நாற்காலிகள், திருட்டுப் போனதாக அதன் சொந்தக்காரர் ஊரெல்லாம் அழுத சைக்கிள், யாரோ கோபத்தில் வீசிய டிரம்பெட். ஜனங்கள் குடும்பம் குடும்பமாக வந்து எட்டிப் பார்த்தார்கள். நகரசபைத் தலைவர் அது தன்னுடைய ஆட்சியின் தெளிவு என்கிற பாவனையில் படம் எடுத்துக்கொண்டார்.

பிறகு குளித்தவர்களின் பாதம் கிழிந்தது. தூண்டில்காரர்கள் வெறுங்கூடையோடு திரும்பினார்கள். வெளிச்சம் அடிவரைக்கும் போனதில் கொடியும் பாசியும் கொழுத்து, துடுப்பைப் பிடித்து இழுத்தன. குடிநீர் நிலையத்தில் குழாய் அடைத்து ஊருக்கே ஒருநாள் தண்ணீர் வரவில்லை. அவளுடைய கடையிலும் துவைக்கும் இயந்திரம் முக்கி முனகி நின்றது. ஏரியிலிருந்து வரும் குழாயின் வடிகட்டியைக் கழற்றினாள். கை நிறையச் சிப்பி. நாத்தனார் ஒன்றை எடுத்து வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்து, பொத்தான் கழன்ற சட்டைக்கெல்லாம் ஆச்சு அண்ணி என்றாள். அவள் சிரிக்கவில்லை. நாத்தனாரும் அதற்கப்புறம் சிரிக்கவில்லை.

மீன்வளத் துறையிலிருந்து ஒரு பெண் வந்து சோதித்துவிட்டு, தெளிவுக்குக் காரணமே சிப்பிதான் என்று விளக்கினாள். ஒவ்வொன்றும் நாளெல்லாம் தண்ணீரை உறிஞ்சி வடிகட்டுகிறதாம். மீன்குஞ்சு தின்ன வேண்டியதையெல்லாம் அதுவே தின்றுவிடுவதால்தான் தண்ணீர் அவ்வளவு சுத்தம்.

அது எப்படி உள்ளே வந்தது என்று ஊர் அந்தப் பெண்ணைக் கேட்கவில்லை. ஊருக்கே தெரிந்துதான் இருந்தது. பல் டாக்டர் படகு. பாதிதான் பார்த்திருந்தார், பாவம், அதற்குள் போய்விட்டார் என்று பேசிக்கொண்டார்கள். யாரும் அவரைக் குற்றம் சொல்லவில்லை. அதுதான் அவளைத் தின்றது. குற்றம் சொன்னால் சண்டை போடலாம். பாவம் என்கிறவர்களிடம் என்ன சண்டை போடுவது? அத்தனை நாள் கன்னம் தேயக் காத்த ஏரிக்கு, அவர் செத்துப்போனதுதான் கதவைத் திறந்துவிட்டது என்றாகிவிட்டது. அவருடைய சாவையே ஒரு கவனக்குறைவு போல ஊர் ஞாபகம் வைத்துக்கொண்டது.

டாக்டர் அதற்குமேல் உடைந்துபோயிருந்தார். படகைக் கரையேற்றித் தார்ப்பாயால் மூடிவைத்துவிட்டு மறுபடி தொடவே இல்லை. ஆறுதலாகத் தருவதற்கு அவரிடம் இருந்தது ஒன்றே ஒன்றுதான். வழியில் பார்த்தாலும், துணி போட வந்தாலும், “அம்மா, பல்லுல ஏதாவதுன்னா எப்ப வேணாலும் வாங்க, உங்ககிட்ட ஃபீஸே வாங்க மாட்டேன்” என்பார்.

“எனக்கு எல்லாப் பல்லும் நல்லாத்தான் இருக்கு டாக்டர்.”

அது பச்சைப் பொய். இடது கடைவாய்ப் பல் அந்த வருஷம் முழுக்க அவளை உலுக்கிக்கொண்டிருந்தது. ஆனால் அவர் நாற்காலியில் இலவசமாகப் போய்ச் சாய்ந்தால், ஆமாம், உங்கள் படகுதான், அவர் விட்டுப்போன அந்தப் பாதிதான் என்று தலையாட்டியதாக ஆகிவிடும். பல்லைக் கடித்துக்கொண்டு பொறுத்துக்கொள்ள நினைத்தாள். கடித்தால்தான் வலித்தது. வலப்பக்கமாக மென்று, வலப்பக்கமாகப் படுத்து, டாக்டரைக் கண்டால் வாயை மூடியபடி சிரித்துக் காலத்தை ஓட்டினாள்.

ஒரு தடவை மட்டும் அவளே அவர் வீட்டுக்குப் போனாள். எந்த இடம் என்று கேட்டாள். டாக்டர் தார்ப்பாயை விலக்கி, இடப்பக்கத்தில் ஓர் இடத்தைக் காட்டினார். அவள் புறங்கையை அங்கே வைத்துப் பார்த்தாள். வழுவழுவென்றுதான் இருந்தது. அதனால் எதுவும் தெரியவில்லை. அந்த இடத்தை அவர்தான் பார்த்தாயிற்றே.

அதற்கடுத்த வருஷம் மிதவை மேடை ஒரு பக்கமாகச் சாய்ந்தது. ஓரத்தில் நிற்பவர்களின் செருப்பு நனைந்தது. நகரசபைக்காரர்கள் கிரேன் கொண்டுவந்து அதைத் தூக்கிப் பார்க்கப் போகிறார்கள் என்று நாத்தனார் செய்தி கொண்டுவந்தாள். ஊரில் எது நடந்தாலும் அவளுக்கு மூக்கு வியர்த்துவிடும். அவர் அடித்த பலகைகள் போய்விடுமோ என்றுதான் அவள் கடையைச் சாத்திவிட்டுக் கிளம்பினாள். கரையில் மீன்வளத் துறைப் பெண்ணும் நின்றிருந்தாள். டாக்டரும் வந்திருந்தார், எப்போதும்போல ஒரு பக்கமாக ஒதுங்கி.

கிரேன் இழுத்தது. மேடை தண்ணீரைச் சொட்டிக்கொண்டு எழுந்து, அந்தரத்தில் மெல்லத் திரும்பி, தன் அடிவயிற்றைக் கரைக்குக் காட்டியது.

டிரம் எது, இரும்பு எது என்று தெரியவில்லை. அத்தனையும் சிப்பி. பூண்டுக் கொத்துக் கொத்தாக, ஒன்றின் முதுகில் ஒன்று, அதன் முதுகில் இன்னொன்று. மேல் வரிசையில் சின்னவை, உள்ளே போகப் போகப் பெரியவை, எல்லாவற்றுக்கும் அடியில் கட்டைவிரல் அளவுக்கு, செத்துப்போய் வாய் பிளந்த கிழட்டுச் சிப்பிகள். அந்தப் பெண் ஒரு தகட்டால் சுரண்டினாள். ஒரு படலம் பெயர்ந்து விழ, டிரம்மில் பழைய பெயிண்டில் எழுதிய எழுத்துகள் தெரிந்தன. வேறொரு ஏரியின் பெயர். மற்ற ஏரிகளுக்கெல்லாம் முன்னால் அங்கேதான் இந்தப் பீடை வந்தது என்று அந்தப் பெண் சொன்னாள். சொல்லிவிட்டு, ஏதோ கணக்குப் போடுகிறவள் போல விரல்களை மடக்கிப் பார்த்தாள்.

அதற்குள் நாத்தனார் தண்ணீருக்குள் முட்டி வரைக்கும் இறங்கியிருந்தாள். மேடை கிடந்த இடத்தில், தெளிந்த தண்ணீருக்கு அடியில், அவள் எதையோ பார்த்துவிட்டாள். கையை விட்டு எடுத்தாள். சிப்பி மூடிய ஒரு கட்டை. கட்டையின் ஒரு முனை கனத்தது.

“அண்ணி, சுத்தியல்.”

கைப்பிடியில் அவர் பட்டறையின் அடையாளமாகச் செதுக்கிய கோடு இன்னும் இருந்தது. அந்தப் பெண் சுத்தியலை வாங்கி, இது எப்போது விழுந்தது என்று கேட்டாள். பலகை அடித்த அன்றைக்கு என்று அவள் சொன்னாள். படகு கழுவுமிடம் திறப்பதற்கு முன்பு. அந்தப் பெண் சுத்தியல் தலையில் ஒட்டியிருந்ததில் பெரிதாக ஒன்றைப் பெயர்த்து, விரலால் அளந்தாள். இவ்வளவு பெரிதாக வளர நாலைந்து வருஷமாவது வேண்டும் என்றாள். டாக்டரின் படகு இறங்கியது முந்தின வருஷத்துக்கு முந்தின வருஷம். சிப்பி எந்தப் படகிலும் வரவில்லை. அவர் சோதித்த முதல் படகுக்கு முன்னாலேயே, மழையில் நனைந்த லாரியில், மேடையோடு வந்து இறங்கியிருக்கிறது. திறப்பு விழாவன்று ஊரே அதன் தலைமேல் நின்றுதான் கைதட்டியிருக்கிறது.

நகரசபைக்காரர்கள் கிரேனையே வெகு சிரத்தையாகப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். முதலில் வாயைத் திறந்தவள் நாத்தனார்தான்.

“எங்கண்ணன் வாசல்ல நின்னு வர்றவன் போறவனையெல்லாம் சோதனை போட்டான். திருடன் அவன் உக்காந்து சோறு தின்ன பலகைக்கு அடியிலயே இருந்திருக்கான்.”

அதைக் கேட்டு அவளுக்குச் சிரிப்பு வந்தது. நிறுத்த முடியாத சிரிப்பு. அந்தப் பலகை ஒவ்வொன்றிலும் அவர் கன்னம் வைத்தார்; மேல் பக்கம். ஒரு சிராய்கூட இல்லை என்று பெருமையாக நிமிர்ந்தார். அவருடைய கன்னத்துக்கும் அந்தக் கிழட்டுச் சிப்பிகளுக்கும் நடுவே ஒரு பலகையும் ஒரு டிரம்மும்தான். கன்னம் தப்புச் செய்யவில்லை. மேடையைச் சோதிக்க வேண்டும் என்று அவருக்கும் தோன்றவில்லை, ஊரில் வேறு யாருக்கும் தோன்றவில்லை. இதைக் கேட்டால் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரிக்கக்கூடியவர் ஒருவர்தான். அவரிடம் சொல்ல அவள் பக்கத்தில் திரும்பினாள். திரும்பிய இடத்தில் பல் டாக்டர் நின்று, குலுங்கிக் குலுங்கி அழுதுகொண்டிருந்தார்.

வாய் பிளந்து சிரித்த சிரிப்பில் காற்று பட்டு அவளுடைய கடைவாய்ப் பல் சுரீரென்றது. கன்னத்தைப் பிடித்துக்கொண்டாள்.

“டாக்டர், நாளைக்குக் காலையில வரலாமா?”

அவர் கண்ணைத் துடைத்துக்கொண்டு பரபரவென்று தலையாட்டினார்.

“ஆனா ஃபீஸ் வாங்கணும். வாங்கலேன்னா நாற்காலியிலேருந்து எழுந்து போயிடுவேன்.”

மறுநாள் பல்லைப் பிடுங்கினார், ஃபீஸும் வாங்கிக்கொண்டார். இவ்வளவு நாள் எப்படித் தாங்கினீர்கள் என்று கேட்டதற்கு, வாயில் பஞ்சு இருந்ததால் அவளால் பதில் சொல்ல முடியவில்லை. டாக்டர் அந்த வாரம் தார்ப்பாயை எடுத்துவிட்டார் என்று பிறகு கேள்விப்பட்டாள். ஏரியில் சிப்பி இருக்கத்தான் செய்தது. இனி போகாது. பக்கத்து ஏரிகளுக்காவது போகாமல் இருக்கட்டும் என்று, இங்கிருந்து வெளியே போகும் படகுகளை இப்போது கழுவுகிறார்கள். மேடையை முதலில் கழுவினார்கள்.

பல் பிடுங்கிய அன்று மாலை நாத்தனார் வந்தாள், கையில் சுத்தியலோடு. உரசித் தேய்த்துச் சுத்தம் செய்திருந்தாள். ஒரே ஒரு சிப்பி மட்டும் எப்படிச் சுரண்டியும் வரவில்லையாம். வழக்கில் ஜெயித்தவளுடைய நடை. நேராகக் குளியலறைக்குப் போய்க் கண்ணாடி முன்னால் நின்றாள்.

“இத்தனை வருஷம் என்னைத் திருடின்னான். இப்போ அவன் சுத்தியலாலயே இந்த ஆணியை நிமித்தி, உங்க உயரத்துக்கு இறக்கி அடிச்சுடறேன் அண்ணி. சரியா?”

அவள் வேண்டாம் என்று தலையை ஆட்டினாள். நாத்தனார் அவளையும் ஆணியையும் மாறி மாறிப் பார்த்துவிட்டு, சுத்தியலைத் தொட்டி விளிம்பில் வைத்துவிட்டுப் போய் அடுப்பைப் பற்றவைத்தாள்.

அவளுடைய இடது கன்னம் வீங்கிச் சூடாக இருந்தது. புறங்கையை வைத்துப் பார்த்தாள். எவ்வளவு வீங்கியிருக்கிறது என்று பார்க்கக் கண்ணாடிக்கு முன்னால் நின்றாள். அது அவருடைய உயரத்துக்கு, இடப்பக்கம் சாய்ந்து தொங்கியது. அதில் அவளுக்கு நெற்றி மட்டும்தான் தெரியும்.